அணுவை உருண்டையாகக் காட்டாமல் டெமாக்ரிட்டஸைப் படமாக்க முடியுமா? ஒரு பரிசோதனைக் குறும்படத்துக்கான விவாதம்

ஈரமணல் (இழையைத் தொடங்கியவர்)

வணக்கம். பண்டைய கிரேக்க அணுக்கொள்கையை வைத்து ஒரு பரிசோதனைக் குறும்படம் எடுக்கும் வேலையில் இறங்கியிருக்கிறேன். பத்துப் பன்னிரண்டு நிமிடம் வரும். கதை கிடையாது. வெள்ளைத் துணி போர்த்திய தாடிக்காரர் கடற்கரையில் நடந்துபோவதும் கிடையாது.

மையம் டெமாக்ரிட்டஸ். திரேஸ் கடற்கரையில் இருந்த அப்தேரா நகரத்துக்காரர், சுமார் கி.மு. 460இல் பிறந்தவர். அவரும் அவருக்கு முன்னவரான லூசிப்பஸும் சொன்னதைச் சுருக்கினால் இவ்வளவுதான்: உண்மையில் இருப்பவை இரண்டு. ஒன்று, வெட்ட முடியாத, கண்ணுக்குத் தெரியாத அணுக்கள். இன்னொன்று, அவை நகர்வதற்கு இடம் தரும் வெற்றிடம். இனிப்பு, கசப்பு, சூடு, நிறம் எல்லாம் நமக்குத் தோன்றுபவை.

கண்ணுக்குத் தெரியாது என்று அவரே சொன்ன ஒன்றைக் கேமராவில் எப்படிக் காட்டுவது என்பதுதான் என் சிக்கல். கிராஃபிக்ஸில் பளபளக்கும் உருண்டைகளை மிதக்கவிட எனக்கு மனமில்லை. கிரீஸின் பழைய 10 திராக்மா நாணயத்தில் ஒரு பக்கம் டெமாக்ரிட்டஸின் தலை, மறுபக்கம் கருவும் அதைச் சுற்றும் எலக்ட்ரான் பாதைகளும் இருக்கும். அந்த மறுபக்கம் 20ஆம் நூற்றாண்டு இயற்பியல். டெமாக்ரிட்டஸின் அணுவுக்குள் எதுவும் சுற்றாது, உள்ளே துளி இடைவெளியும் கிடையாது. அவரைப் பற்றி வரும் காணொளிகளில் பெரும்பாலானவை அந்த நாணயத்தின் வழியில்தான் போகின்றன.

இப்போதைக்குக் கையில் இருப்பவை: ஜன்னல் வெயிலில் தூசி, சல்லடை, ஃபிலிமின் கிரெயின் (பிம்பத்தில் மணிமணியாகத் தெரியும் துகள்கள்). யோசனை சொல்லுங்கள்.

சுவடிக்கூடம்

நல்ல முயற்சி. முதலில் மூலங்களைப் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் படம் குழம்பிவிடும். டெமாக்ரிட்டஸின் புத்தகம் ஒன்றுகூட முழுதாக இன்று இல்லை. அரிஸ்டாட்டில், தியோஃப்ராஸ்டஸ், செக்ஸ்டஸ் எம்பிரிகஸ், கேலன் போன்றவர்கள் மேற்கோளாகவோ மறுப்பதற்காகவோ எடுத்துச் சொன்னவைதான் மிச்சம். முழுதாகக் கிடைக்கும் பெரிய நூல் லுக்ரீஷியஸின் லத்தீன் காவியம். அது கி.மு. முதல் நூற்றாண்டு, அதுவும் டெமாக்ரிட்டஸுக்குப் பின் வந்த அணுவாதியான எபிகூரஸின் வழியில் வந்தது. இரண்டையும் ஒரே ஆளின் கருத்துபோலக் கலந்துவிடுவது இணையத்தில் அடிக்கடி நடக்கிறது.

உங்கள் தூசியையே எடுங்கள். ஜன்னல் கீற்றில் தெரியும் தூசியை டெமாக்ரிட்டஸ் உவமையாகச் சொன்னதாக அரிஸ்டாட்டில் எழுதுகிறார், ஆனால் அங்கே பேச்சு உயிரைப் பற்றியது: உயிர் என்பது ஓயாமல் அசையும் உருண்டை அணுக்கள் என்று. லுக்ரீஷியஸ் அதே தூசியை வேறொன்றுக்குக் கொண்டுவருகிறார். தூசி தடுமாறுவதைப் பார், அதற்குக் கீழே நீ பார்க்க முடியாத மோதல்கள் நடக்கின்றன என்கிறார். ஒரே ஷாட், இரண்டு வாதம். எந்த வாதத்துக்காக எடுக்கிறீர்கள் என்பது தீர்ந்தால் லைட்டிங்கே மாறும்.

பதினாறு எம்எம்

தூசி ஷாட் பற்றி மட்டும் சொல்கிறேன். பின்னால் கறுப்பு வெல்வெட், விளக்கு லென்ஸுக்கு ஏறக்குறைய எதிரே, ஆனால் ஃப்ரேமுக்கு வெளியே. முன்பக்க வெளிச்சம் ஒரு துளிகூட வேண்டாம். எல்இடி என்றால் ஸ்லோ மோஷனில் ஃபிளிக்கர் வரும், முதலிலேயே சோதித்துவிடுங்கள். வெயிலே சிறந்தது. டால்கம் பவுடர் தூவினால் மேகம்போல வரும், தனித்தனியாகத் தெரியாது. பழைய கம்பளியை ஒரு தட்டு தட்டிவிட்டுக் காற்று அடங்கும்வரை காத்திருங்கள்.

அதைவிட முக்கியமான ஒன்று. அப்பர்ச்சரை (லென்ஸுக்குள் வெளிச்சம் வரும் துளை) முழுக்கத் திறந்தால் ஃபோகஸுக்கு வெளியே இருக்கும் தூசி எல்லாமே அழகான வட்டங்களாக மாறும். சற்று மூடினால் அறுகோணமாகும். அந்த வடிவம் தூசியுடையது அல்ல, லென்ஸின் தகடுகளுடையது. நீங்கள் தவிர்க்க நினைக்கும் உருண்டை பின்வாசல் வழியாக வந்துவிடும், கவனம்.

ஈரமணல்

இதையே படத்தில் வைக்கலாமே! ஒரே ஷாட்டில் அப்பர்ச்சரை மெல்ல மூடிக்கொண்டே போனால் வட்டம் அறுகோணமாகி, கடைசியில் உண்மையான நார், செதில், முடித்துணுக்கு தெரியும். பார்க்கும் கருவிதான் இந்த வடிவத்தைத் தந்தது என்று ஒரு வார்த்தை பேசாமல் சொல்லிவிடலாம். டெமாக்ரிட்டஸின் அணுக்களும் கொக்கி, வளைவு, மூலை என்று எண்ணில்லாத வடிவங்கள் கொண்டவை அல்லவா.

வெட்டுமேசை

எடிட்டராகப் பேசுகிறேன். தூசியும் சல்லடையும் நல்ல படிமங்கள்தான், ஆனால் படத்தின் வடிவம் எங்கிருந்து வரப்போகிறது? எனக்குப் பிடித்த இடம் அரிஸ்டாட்டில் தரும் எழுத்து உதாரணம். அணுக்கள் மூன்று விதத்தில் வேறுபடும் என்கிறார். ஆல்ஃபா (Α), நியூ (Ν) என்ற கிரேக்க எழுத்துகள் வடிவத்தால் வேறு. ஆல்ஃபா-நியூ, நியூ-ஆல்ஃபா இரண்டும் வரிசையால் வேறு. ஸீட்டாவைப் (Ζ) பக்கவாட்டில் சாய்த்தால் நியூ, அங்கே கிடப்பு மட்டும்தான் வேறு. இன்னொரு இடத்தில், சோக நாடகமும் நகைச்சுவை நாடகமும் அதே எழுத்துகளால்தான் ஆனவை என்கிறார்.

இது அப்படியே எடிட்டிங் மேசை! ஷாட் என்பது வடிவம். அடுத்தடுத்து வைப்பது வரிசை. ஃப்ரேமைத் தலைகீழாகவோ பக்கவாட்டிலோ திருப்புவது கிடப்பு. மொத்தம் இருபது ஷாட்டுக்கு மேல் எடுக்காதீர்கள். முதல் பகுதியில் ஒரு வரிசை, அடுத்த பகுதியில் அதே ஷாட்கள் வேறு வரிசை, மூன்றாவதில் திருப்பிப்போட்டவை. புதிதாக ஒன்றும் சேரக் கூடாது, ஒன்றும் தொலையக் கூடாது. இல்லாததிலிருந்து எதுவும் பிறக்காது, இருப்பது இல்லாமலும் போகாது என்பதுதானே அவர்களுடைய அடிப்படை. அதைப் படம் சொல்ல வேண்டியதில்லை, படமே அந்த விதிப்படி நடந்தால் போதும்.

ஹோலிஸ் ஃப்ராம்ப்டன் 1970இல் லத்தீன் எழுத்துகளின் வரிசையையே ஒரு முழுப் படத்தின் எலும்பாக வைத்தார். ஒரு சொல்லுக்கு ஒரு விநாடி. இப்படிப்பட்ட கட்டுப்பாடு பார்வையாளரைச் சலிக்க வைக்கும் என்று பயப்பட வேண்டாம். விதி புரிந்த நொடியிலிருந்து அவர்களே எண்ண ஆரம்பித்துவிடுவார்கள்.

அரைநிழல்

வெற்றிடத்தை மறந்துவிட்டீர்களே. அணுவைவிட அதுதானே கஷ்டம். ஃப்ரேம்களுக்கு நடுவே கறுப்பு ஃப்ரேம்களைப் போடலாம். பீட்டர் குபெல்கா 1960லேயே வெறும் கறுப்பு, வெறும் வெள்ளை ஃப்ரேம்களை மட்டும் வைத்து ஒரு முழுப் படம் செய்தார். ஃபிலிம் புரொஜெக்டரே அப்படித்தான் ஓடுகிறது. ஒவ்வொரு ஃப்ரேமும் நகரும்போது ஷட்டர் வெளிச்சத்தை மறைக்கும். படம் பார்க்கும் நேரத்தில் ஏறக்குறைய பாதி இருட்டில்தான் உட்கார்ந்திருக்கிறோம், அது நமக்குத் தெரிவதே இல்லை. அணுவும் வெற்றிடமும் புரொஜெக்டருக்குள்ளேயே இருக்கின்றன.

சுவடிக்கூடம்

அழகான யோசனை, ஆனால் இரண்டு இடத்தில் எனக்கு ஒப்பவில்லை.

ஒன்று, கறுப்பு என்பது வெற்றிடம் அல்ல. டெமாக்ரிட்டஸுக்குக் கறுப்பும் ஒரு நிறம்தான், கரடுமுரடான அணுக்களால் வருவது என்று தியோஃப்ராஸ்டஸ் குறித்திருக்கிறார். வெற்றிடம் இருட்டாக இருக்காது. நடுவில் இருப்பது முழுக்க வெற்றிடமாக இருந்தால் வானத்தில் ஊரும் ஓர் எறும்பைக்கூடத் தெளிவாகப் பார்க்கலாம் என்று அவர் சொன்னதாக அரிஸ்டாட்டில் எழுதுகிறார் (உடனே மறுக்கவும் செய்கிறார்). அவருக்கு வெற்றிடம் எதையும் மறைக்காது, தடுக்காது.

இரண்டு, ஃப்ரேம் என்பது காலத்தின் துண்டு. டெமாக்ரிட்டஸ் துண்டாக்கியது பொருளை. இடம், காலம், இயக்கம் மூன்றையும் மேலும் பகுக்க முடியாத துணுக்குகளாக வைத்தது எபிகூரஸின் வழி வந்தவர்கள்.

அரைநிழல்

சரி, அப்படியானால் வெற்றிடத்தை எப்படிக் காட்டுவீர்கள்? எதையும் மறைக்காத, தனக்கென்று எந்தத் தோற்றமும் இல்லாத ஒன்றைப் படமாக்கவே முடியாது என்றால் பாதித் தத்துவம் படத்துக்கு வெளியே நின்றுவிடும்.

சுவடிக்கூடம்

அவர்கள் வாதிட்ட வழியிலேயே காட்டலாம். சாமோஸ் தீவின் தத்துவவாதி மெலிஸஸ் சொன்னார்: வெற்றிடம் என்று ஒன்று இல்லை, ஆகவே எதுவும் நகர முடியாது. அணுவாதிகள் அதே வாதத்தை மறுமுனையில் பிடித்தார்கள்: பொருள்கள் நகர்வதைப் பார்க்கிறோம், ஆகவே வெற்றிடம் இருக்கிறது. கண்ணுக்குத் தெரிவதிலிருந்து தெரியாததற்குப் போகும் வாதம் அது. வெற்றிடத்தை யாரும் பார்ப்பதில்லை, அசைவைப் பார்த்து முடிவுக்கு வருகிறோம்.

ஈரமணல்

எனக்கு ஒரு ஷாட் கிடைத்துவிட்டது. குழந்தைகள் விளையாடும் எண் நகர்த்தும் பலகை இருக்குமே, பதினைந்து கட்டையும் ஒரு காலி இடமும். அதைப்போல ஃப்ரேமை ஓரம்வரை இடைவெளி இல்லாமல் கல்துண்டுகளால் நிரப்பி, மேலிருந்து கேமரா. கொஞ்ச நேரத்துக்கு எதுவும் நடக்காது. விரல்கள் வந்து தள்ளும், நகராது. பிறகு ஒரு துண்டு எடுக்கப்படும். அங்கிருந்து ஸ்டாப் மோஷனில் எல்லாத் துண்டுகளும் ஊர ஆரம்பிக்கும். காலி இடமும் ஃப்ரேம் முழுக்கச் சுற்றிவரும். அதன் அடியில் கறுப்பு வேண்டாம், கல்லின் நிறத்திலேயே தரை இருக்கட்டும்.

வெட்டுமேசை

அந்த "எதுவும் நடக்காத" நேரத்தைச் சுருக்கிவிடாதீர்கள். நாற்பது விநாடியாவது நிற்கட்டும். பார்ப்பவருக்கு மூச்சுமுட்ட வேண்டும். அதுதான் மெலிஸஸின் உலகம்.

கோடைமழை

ஓர் எளிய கேள்வி. அணுக்கள் மழைபோல நேராக விழுந்துகொண்டே இருக்கும், திடீரென்று ஒன்று கொஞ்சம் விலகும், அதிலிருந்துதான் உலகமே உருவானது என்று படித்திருக்கிறேன். அது ஏன் இந்தப் பட்டியலில் இல்லை? காட்சியாக அதுதானே மிக அழகு?

சுவடிக்கூடம்

அழகுதான், ஆனால் அது எபிகூரஸின் மரபு. அவர் பிறந்தது கி.மு. 341இல். அவருடைய சொந்த எழுத்தில் நமக்குக் கிடைத்த பகுதிகளில் அந்த விலகலே இல்லை, லுக்ரீஷியஸும் சிசரோவும் சொல்லித்தான் தெரியும். டெமாக்ரிட்டஸிடம் மேல், கீழ் என்ற திசையே கிடையாது. எல்லாப் பக்கமும் மோதல், அதிலிருந்து பெரும் சுழல், சுழலில் ஒத்தவை ஒத்தவற்றோடு சேர்ந்து உலகம். எல்லாம் கட்டாயத்தால் நடப்பவை. லூசிப்பஸின் ஒரே ஒரு வாக்கியம் மிஞ்சியிருக்கிறது, அதுவும் இதுதான்: எதுவும் வீணே நிகழ்வதில்லை, எல்லாம் காரணத்தாலும் கட்டாயத்தாலும் நிகழ்கின்றன. விலகலைச் சேர்த்தால் இந்த வாக்கியத்தின் கழுத்தை நெரித்ததாகிவிடும். 1841இல் கார்ல் மார்க்ஸ் முனைவர் பட்டத்துக்கு எழுதிய ஆய்வே இந்த இருவருக்கும் உள்ள வேறுபாடு பற்றித்தான். அவ்வளவு பெரிய பிளவு அது.

கோடைமழை

புரிந்தது, நன்றி. அப்படியென்றால் சல்லடை ஷாட்டுக்குத்தான் முதலிடம் போல.

ஈரமணல்

ஆமாம், அது அவருடைய சொந்த உதாரணம். செக்ஸ்டஸ் எடுத்துக்காட்டும் பகுதியில் வருகிறது. சல்லடையைச் சுழற்றும்போது பயறு பயறோடும், வாற்கோதுமை வாற்கோதுமையோடும், கோதுமை கோதுமையோடும் சேர்கின்றன. கடற்கரையில் அலை நீளக் கற்களை நீளக் கற்களோடும் உருண்டைக் கற்களை உருண்டைக் கற்களோடும் ஒதுக்குகிறது. யாரும் கையால் பொறுக்கிப் பிரிக்கவில்லை. மேலிருந்து ஒரே ஷாட்டாக எடுக்கப்போகிறேன், கை தெரியாமல்.

ஒலிக்கூடு

ஒலியைப் பற்றி யாரும் பேசவில்லையே. பின்னணியில் சிந்தசைசர் ஹம் போட்டு "பிரபஞ்ச உணர்வு" கொண்டுவரும் பழக்கத்தைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள். டெமாக்ரிட்டஸ் குரலைப் பற்றியே ஒரு கருத்து வைத்திருந்தார்: பேசும்போது காற்று ஒத்த வடிவத் துண்டுகளாக நொறுங்கி, குரலின் துண்டுகளோடு சேர்ந்து உருண்டு வருகிறது என்று.

கிரேக்க இசையமைப்பாளர் இயானிஸ் செனாகிஸ் 1958இல் பிரஸ்ஸல்ஸ் கண்காட்சியின் பிலிப்ஸ் கூடத்துக்காக எரியும் கரியின் வெடிப்பொலியை மட்டும் பதிவுசெய்து, மிகச் சிறிய துண்டுகளாக வெட்டி அடுக்கி ஒரு படைப்பைச் செய்தார். ஒவ்வொரு துண்டும் வெறும் சொடுக்கு. ஆயிரக்கணக்கில் சேரும்போது அதற்கு ஒரு பரப்பு, அடர்த்தி, வெளிச்சம்கூட வந்துவிடுகிறது. உங்கள் சல்லடையின் ஒலியையே இப்படி வெட்டுங்கள். ஒரு தானியம் தகரத்தில் விழும் ஒலி ஒன்று போதும், முழுப் படத்துக்கும்.

வெற்றிடத்துக்கு ஒலியில் ஒரு வழி இருக்கிறது. பேச்சு இல்லாத இடங்களில் அறையின் இயல்பான ஒலியைப் போட்டு நிரப்புவதுதான் எங்கள் வேலையின் பாலபாடம். அதைச் சில இடங்களில் செய்யாமல் விடுங்கள். சுத்தமான டிஜிட்டல் பூஜ்யம். தியேட்டரில் அது வரும் நொடியில் எல்லோரும் பக்கத்து நாற்காலியின் கிறீச்சைக் கேட்பார்கள். ஆனால் கல்துண்டு ஷாட்டில் முதல் துண்டு எடுக்கப்படும் இடத்துக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், அடிக்கடி செய்தால் சவுண்ட் ஃபைல் பழுது என்று நினைத்துவிடுவார்கள்.

தெற்குவாசல்

முழுக்கப் படித்தேன். மனதில் பட்டதைச் சொல்லட்டுமா? இது எல்லாம் சேர்ந்து நல்ல இயற்பியல் பாடம் ஆகும். ஆனால் நான் ஏன் இந்தப் படத்தைப் பார்க்க வேண்டும்? இதில் யாருக்கு என்ன பணயம்? தூசியும் கல்லும் தானியமும் என்னை எதற்கு உலுக்க வேண்டும்?

ஈரமணல்

கேட்க வேண்டிய கேள்விதான். என்னை இந்த வேலைக்கு இழுத்து வந்தது அணுவே அல்ல, ஒரு சின்ன உரையாடல். கேலன் காப்பாற்றித் தந்தது. முதலில் அறிவு பேசுகிறது: நிறம் வழக்கத்தால், இனிப்பு வழக்கத்தால், கசப்பு வழக்கத்தால், உண்மையில் இருப்பவை அணுக்களும் வெற்றிடமும். பெரும்பாலான காணொளிகள் இங்கேயே கைதட்டி முடித்துவிடுகின்றன. ஆனால் அடுத்து புலன்கள் பதில் சொல்கின்றன: "பாவப்பட்ட அறிவே, எங்களிடமிருந்து சான்றுகளை வாங்கிக்கொண்டு எங்களையே வீழ்த்தப் பார்க்கிறாயா? எங்கள் வீழ்ச்சி உனக்கும் வீழ்ச்சிதான்."

தன் கொள்கைக்கே மிக ஆபத்தான எதிர்வாதத்தைத் தானே எழுதி வைத்த மனிதர். நாம் தேன் சாப்பிடுவதும், ஒருவர் முகத்தைப் பார்த்து மகிழ்வதும், வலியில் கத்துவதும் வெறும் தோற்றம் என்றால் அந்தத் தோற்றத்தை விட்டுவிட்டு உண்மையை எங்கே போய்த் தேடுவது? பணயம் இதுதான். படத்தில் குரல் வருவது இந்த ஓர் இடத்தில் மட்டுமே இருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

தெற்குவாசல்

இப்போது பார்க்க வேண்டும்போல இருக்கிறது. அந்தக் குரல்கள் இரண்டும் ஒரே ஆளுடையதாக இருக்கட்டும். அறிவுக்குக் கம்பீர ஆண் குரல், புலன்களுக்குக் குழையும் பெண் குரல் என்று மட்டும் போய்விடாதீர்கள், கெஞ்சிக் கேட்கிறேன். ஒரே வாய், ஒரே நாக்கு. அறிவு பேசுவதற்கும் அந்த நாக்குதானே வேண்டும்.

வெட்டுமேசை

தெற்குவாசல் சொன்னதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். அதோடு, அறிவு பேசும்போது படத்தின் நிறத்தை ஒவ்வொன்றாக இறக்குங்கள். புலன்கள் பேசும்போது திரும்பக் கொடுக்காதீர்கள். நிறம் போனது போனதாகவே கொஞ்ச நேரம் இருக்கட்டும், அப்போதுதான் "உனக்கும் வீழ்ச்சிதான்" என்பதன் கனம் தெரியும்.

பதினாறு எம்எம்

நிறம் இறக்கினால் கிரெயின் தூக்கலாகத் தெரியும், அதுவும் உங்களுக்கு நல்லதுதான். அந்தப் பகுதியை மட்டுமாவது உண்மையான 16 எம்எம் கறுப்பு வெள்ளையில் எடுங்கள். 100 அடி ரோல் விநாடிக்கு 24 ஃப்ரேமில் 2 நிமிடம் 45 விநாடிக்குப் போதும், அதற்குள் முடித்துவிடலாம். ஃபிலிமில் வெள்ளி உப்புத் துகள்கள் ஒவ்வொரு ஃப்ரேமிலும் வெவ்வேறு இடத்தில் இருப்பதால், அசையாத வெற்றுச் சுவரை எடுத்தாலும் சுவர் கொதித்துக்கொண்டே இருக்கும். எந்த அனிமேஷனும் வேண்டாம். பிம்பமே துகள்களால் ஆனது என்பது திரையிலேயே தெரியும். எடிட்டில் செயற்கையாகச் சேர்க்கும் கிரெயின் பல சமயம் ஒரே ஒழுங்கில் திரும்பத் திரும்ப வரும், கண் கண்டுபிடித்துவிடும்.

சுவடிக்கூடம்

ஈரமணல், லுக்ரீஷியஸை முழுக்கத் தள்ள வேண்டாம். வாதங்களைக் கலக்காதீர்கள் என்றுதான் சொன்னேன், அவருடைய சான்றுப் பட்டியல் ஒளிப்பதிவாளருக்குப் புதையல். விரலில் கிடந்தே உள்பக்கம் தேயும் மோதிரம். சொட்டு நீரில் குழிவிழும் கல். நகர வாசலில் போவோர் வருவோர் தொட்டுத் தொட்டு வலதுகை தேய்ந்த வெண்கலச் சிலை. கடற்கரையில் காயப்போட்ட துணி ஈரமாவதும் வெயிலில் உலர்வதும், ஈரம் வந்ததையும் போனதையும் யாரும் பார்க்கவில்லை. பொருள்களின் மேற்பரப்பிலிருந்து மெல்லிய படலங்கள் உரிந்து வந்து நம் கண்ணில் படுகின்றன என்பதற்கு முள்ளில் தொங்கும் பாம்புச் சட்டையைக் காட்டுகிறார். அந்தப் படலக் கருத்தின் வேர் டெமாக்ரிட்டஸிடமே இருக்கிறது, ஆகவே இங்கே இணைப்பு நியாயமானது.

அவருடைய காவியத்தின் நான்காம் பகுதியில் கனவைப் பற்றிய சில வரிகளைப் படித்தபோது எழுந்து நின்றுவிட்டேன். கனவில் உருவங்கள் கையை அசைப்பதுபோலத் தெரிவது ஏன் என்று கேட்டு, ஒரு பிம்பம் மறைந்ததும் வேறு நிலையில் இருக்கும் இன்னொரு பிம்பம் அந்த இடத்துக்கு வருவதால் முதல் பிம்பமே அசைந்ததுபோல் தோன்றுகிறது என்கிறார். சினிமா எப்படி இயங்குகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான விளக்கத்தை நான் படித்ததில்லை. அரைநிழல் ஃப்ரேம்களைப் பற்றிச் சொன்னதற்கு இதுதான் சரியான இடம்.

அரைநிழல்

அப்படியானால் பாம்புச் சட்டையை அந்த முறையில் எடுக்கலாம். ஒவ்வொரு ஃப்ரேமிலும் வேறொரு சட்டை, ஒரே சட்டை காற்றில் ஆடுவதுபோலத் தெரியும்.

ஈரமணல்

எடுத்துக்கொண்டேன். இப்போதைய திட்டம் இது: மொத்தம் பதினெட்டு ஷாட். கல்துண்டுகளில் ஆரம்பம். நடுவில் சல்லடை, தூசி, மோதிரம், சொட்டு நீர், பாம்புச் சட்டை எல்லாம் மூன்று வரிசையில். அறிவும் புலன்களும் பேசுவது 16 எம்எம்மில். லுக்ரீஷியஸிடமிருந்து எடுத்த ஷாட்கள் எவை என்று கடைசிப் பெயர் அட்டையில் தனியாகக் குறிப்பிடுவேன். ஒலி முழுக்க ஒரு தானியம். படத்தை இணையத்தில்தான் பெரும்பாலோர் பார்ப்பார்கள், அதற்கு ஏதாவது கவனிக்க வேண்டுமா?

பதினாறு எம்எம்

கட்டாயம். வீடியோ தளங்களின் கம்ப்ரஷனுக்குப் பரம எதிரி தூசியும் கிரெயினும்தான். ஒவ்வொரு ஃப்ரேமும் முழுக்க மாறுவதால் அது எல்லாவற்றையும் சேறாகக் குழைத்துவிடும். 1080இல் எடிட் செய்திருந்தாலும் 4கேவுக்குப் பெரிதாக்கி ஏற்றுங்கள், தளம் கூடுதல் பிட்ரேட் ஒதுக்கும். முடிந்தால் தரமான ஃபைலைத் தனியாக டவுன்லோட் செய்யவும் வையுங்கள். பாம்புச் சட்டை பகுதியில் ஃப்ரேமுக்கு ஃப்ரேம் வெளிச்சம் துள்ளினால், வலிப்பு நோய் உள்ளவர்களுக்கான எச்சரிக்கையைப் படத்தின் தொடக்கத்திலேயே போட்டுவிடுங்கள். முதல் ரோல் டெவலப் ஆகி வந்ததும் இங்கே இரண்டு மூன்று ஸ்டில் போடுங்கள், எக்ஸ்போஷர் பார்த்துச் சொல்கிறேன்.